பதினைந்தாவது தட்டு

எல்லிஸ் கெர்ஷாவை அடக்கம் செய்து பன்னிரண்டு நாள் ஆகியிருந்தது. எட்னா வீட்டை ஒழிக்க ஆரம்பித்திருந்தாள். கோட்டுகளும் காலணிகளும் சர்ச்சில் நடக்கும் பழம்பொருள் விற்பனைக்கு என்று மூட்டை கட்டியாயிற்று. படிக்கட்டுக்கு அடியில் நாற்பது வருஷமாகக் கிடந்த மரப்பெட்டியையும் அவளே இழுத்துக்கொண்டு வந்து முன்கதவருகே வைத்திருந்தாள். அதில் பதினான்கு இசைத்தட்டுகள் இருந்தன.

சனிக்கிழமை காலை வந்த மகள் ஹில்டா பெட்டியைப் பார்த்துவிட்டு நின்றாள்.

"இதையும் அதோட அனுப்பிடு," என்றாள் எட்னா.

ஹில்டா இரண்டு வாரம் தவணை கேட்டாள். வேலை செய்யும் இடத்தில் நல்ல டேப் ரெக்கார்டர் இருக்கிறது, பதிவு செய்துகொண்டு திருப்பித் தந்துவிடுகிறேன் என்றாள். எட்னா கெட்டிலை அடுப்பில் வைத்துவிட்டு வந்து சொன்னாள்: "எங்க வேணும்னாலும் வச்சுக் கேளு. என் காதுல விழற மாதிரி வேண்டாம். என் காதுல எதுவும் விழறதில்லைங்கறது வேற விஷயம்."

பதினான்கு வயதில் நெசவு மில்லுக்குப் போனவள் எட்னா. தறிச் சத்தம் முப்பது வயதுக்குள் அவள் காதில் பாதியைத் தின்றுவிட்டது. கதவு அடிப்பது கேட்கும், பறவை கத்துவது கேட்காது. அவளிடம் பேசுகிறவர்கள் முகத்துக்கு நேராக நின்று, உதட்டைத் தாராளமாக அசைத்துப் பேச வேண்டும். ஹில்டா பேசக் கற்றுக்கொண்டதே அப்படித்தான்.

ஹில்டாவுக்கு முப்பத்தேழு வயது. பிளாக்பர்னில் தொலைபேசிக் கருவிகள் செய்யும் தொழிற்சாலையில் சோதனைப் பிரிவில் இருந்தாள். இணைப்பில் எங்கே பழுது என்று கண்டுபிடிப்பது வேலை. அடக்கத்தன்று அவள் அழவில்லை. சவப்பெட்டியின் கைப்பிடித் திருகு ஒன்று தளர்ந்திருப்பதைக் கவனித்து, தூக்குகிறவர்களிடம் சொன்னாள். அவர்கள் இறுக்கினார்கள். அன்று அவள் செய்ததாக அவளுக்கு நினைவிருந்தது அது ஒன்றுதான்.

பெட்டியைக் காரில் ஏற்றினாள்.

அவர்கள் ஊரான பர்ன்லியில் எல்லிஸைத் தறி மேஸ்திரியாகத்தான் பலருக்கும் தெரியும். இரண்டரை வருஷம் அவர் பெர்சி லாம்பர்ட்டின் நடன இசைக்குழுவில் பாடகராகவும் சீழ்க்கைக்காரராகவும் இருந்தார் என்பது வயதானவர்களுக்கு மட்டும் தெரியும்.

அவர் சீழ்க்கை அடிக்கத் தொடங்கியது நானூறு தறிகள் ஓடும் கூடத்தில். அங்கே ஒருவர் பேசுவது இன்னொருவருக்குக் கேட்காது, உதடு பார்த்துத்தான் பேச்சு. இளம் எல்லிஸ் ஸ்பானரைக் கையில் வைத்துக்கொண்டு தறிகளுக்கு நடுவே உதட்டைக் குவித்தபடி நடப்பார். என்ன அடிக்கிறார் என்பது அவருக்கே காதில் விழாது. ஒருநாள் ஆறு தறி தள்ளி நின்ற ஒரு பெண் கையை ஆட்டிக் கூப்பிட்டு உதட்டால் சொன்னாள்: "மூணாவது வரி தப்பு."

அவர் வெளியே போய், கழிவறைப் பக்கம் நின்று அடித்துப் பார்த்தார். தப்புதான். அந்தப் பெண்தான் எட்னா. அப்போது அவளுக்குப் பதினெட்டு வயது. அவருடைய பாட்டுகளை எல்லாம் அவள் பார்த்தே தெரிந்துவைத்திருந்தாள்.

லாம்பர்ட் அவரை மான்செஸ்டரில் ஒரு நடனக் கூடத்தில் கண்டுபிடித்தார். மில் வேலையை விட்டுவிட்டு வரச் சொன்னார். பாட்டின் நடுவில் ஒரு சுற்று பாட வேண்டும், அடுத்த சுற்று சீழ்க்கை. ஆடுகிறவர்கள் சீழ்க்கை வரும்போது ஆட்டத்தை நிறுத்திவிட்டு மேடையைப் பார்ப்பார்கள். லாம்பர்ட்டுக்கு அதில் கொஞ்சம் கோபம் உண்டு. ஆடத்தானே வந்திருக்கிறார்கள் என்பார்.

இசைத்தட்டு பதிவதில் ஒரு சிக்கல் இருந்தது. அப்போது ஒலியை மெழுகுத் தட்டில்தான் வெட்டுவார்கள். சீழ்க்கை பக்கத்திலிருந்து வந்தால் வெட்டும் ஊசி தடம் மாறி அடுத்த வரியில் பாய்ந்துவிடும், மெழுகு வீண். அதனால் பாடும்போது மைக்கிலிருந்து இரண்டடி, சீழ்க்கைக்கு எட்டடி. இடையில் வயலின்கள் வாசிக்கும் சில நொடிகளுக்குள் எல்லிஸ் பின்பக்கமாக நடந்து போய்விட வேண்டும். காலணி சத்தம் பதிவாகும் என்பதால் காலுறையோடுதான் நிற்பார். பதினான்கு தட்டுகளையும் அவர் காலுறையோடுதான் பதிந்தார். ஒன்றிலும் அவர் பெயர் கிடையாது. லாம்பர்ட்டின் பெயர் பெரிதாக இருக்கும். கீழே சின்ன எழுத்தில் 'பாட்டு, சீழ்க்கையுடன்'. அந்தக் காலத்து வழக்கம் அது.

1934 பிப்ரவரியில் எட்னாவுக்கு இருபத்தொரு வயது நிறைந்தது. எல்லிஸோடு கல்யாணம் ஜூலையில், மில்களெல்லாம் ஒரு வாரம் மூடும்போது. பிறந்தநாளுக்கு அவளுடைய அப்பா பல் வைத்தியரிடம் ஏற்பாடு செய்துவிட்டார். எல்லாப் பல்லையும் எடுத்துவிட்டுப் புதுப் பல்செட்டு. அந்தத் தெருவில் அது பெரிய பரிசு. பின்னால் புருஷனுக்குப் பல் செலவு வைக்காமல் பெண்ணை அனுப்புவது பெற்றவர்களின் கடமை. எட்னாவின் அக்காவுக்கும் அப்படித்தான் செய்திருந்தார்கள். எட்னா மறுக்கவில்லை. மறுக்கலாம் என்று அவளுக்குத் தோன்றவுமில்லை.

ஈறு ஆறி, செட்டு மாட்ட மூன்று மாதம் ஆகும். அதை யாரும் பெரிதாகச் சொல்லவில்லை. எடுத்த நாலாம் நாள் எட்னா முக்காட்டை வாய்வரை இழுத்துக்கொண்டு மில்லுக்குப் போனாள். கன்னம் ஒட்டி, உதடு உள்ளே மடங்கிக் கிடந்தது. அவள் என்ன சொன்னாலும் எதிரில் நின்றவர்களுக்குப் புரியவில்லை. நானூறு தறிகளுக்கு நடுவே அவள் ஊமையாகிப் போனாள். மறுநாளிலிருந்து வேலைக்குப் போகவில்லை. எல்லிஸ் ஞாயிற்றுக்கிழமை வந்தபோது கதவைத் திறக்கவில்லை. அடுத்த ஞாயிறும் திறக்கவில்லை. கல்யாணம் வேண்டாம் என்று உள்ளேயிருந்து சொன்னாள்.

மூன்றாவது ஞாயிறு அவர் வந்து கதவுக்கு வெளியே நின்று என்னவோ சொன்னார். ஒரு வார்த்தையும் பிடிபடவில்லை. மறுபடி சொல்லச் சொன்னாள். கொழகொழவென்று ஏதோ வந்தது. குடித்திருக்கிறாரோ என்று நினைத்து, உதட்டைப் பார்த்தால்தான் புரியும் என்று கதவை ஒரு சாண் திறந்தாள்.

அவர் வாயும் காலியாக இருந்தது.

முந்தின நாள் சனிக்கிழமை எடுத்திருக்கிறார். ஒரு பல்லில்கூடக் குறையில்லையே, எதற்கு என்று வைத்தியர் கேட்டாராம். கல்யாணத்துக்கு என்று சொன்னதும் வைத்தியர் மேற்கொண்டு கேட்கவில்லை.

"என்ன பண்ணிட்டு வந்து நிக்கறே?" என்று எட்னா கேட்டாள்.

"துணைக்கு," என்றார் எல்லிஸ். அந்த ஒரு சொல்லைச் சொல்ல அவருக்கு மூன்று தடவை ஆயிற்று. இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்து முடித்ததும் எட்னாவுக்கு உறைத்தது. இனி விசில் எப்படி வரும் என்று கேட்டாள். அவர் உதட்டைக் குவித்து ஊதிக் காட்டினார். குவிய வேண்டிய இடத்தில் குவியவில்லை. வெறும் காற்று வந்தது. இன்னொரு தடவை ஊதினார். அப்போதும் காற்றுதான்.

எட்னா அவர் வாயைக் கையால் பொத்தினாள். "இனிமே என் கண்ணு முன்னால இதை ஊதிக் காட்டாதே. சத்தியம் பண்ணு." அவர் அவள் உள்ளங்கைக்குள்ளேயே சத்தியம் செய்தார்.

அதற்குப் பிறகு நடந்தது சுருக்கமானது. லாம்பர்ட் வேறு ஆள் வைத்துக்கொண்டார், சிரில் வேன் என்று ஒருவன். எல்லிஸ் மில்லுக்குத் திரும்பினார். ஜூலையில் கல்யாணம் நடந்தது. அந்த வருஷக் கடைசியில் லாம்பர்ட் குழுவின் ஒரு தட்டு வந்து ஊரையே அடித்துக்கொண்டு போயிற்று. 'மழை ஓய்ந்த தெரு' என்ற பாட்டு. ஒரு பெண் பாட, நடுவில் நீளமாக ஒரு சீழ்க்கை. ரேடியோவில் அது ஆரம்பித்தால் எட்னா போய் அணைத்துவிடுவாள். மில் சாப்பாட்டுக் கூடத்தில் போட்டால் சாப்பாட்டுத் தட்டோடு எழுந்து போய்விடுவாள். உன் அப்பாவின் இடத்தில் உட்கார்ந்துகொண்டு சம்பாதித்தவன் என்று பின்னாளில் ஹில்டாவிடம் சொல்லியிருக்கிறாள். எல்லிஸ் மட்டும், "விடு எட்னா, நல்லாத்தான் ஊதறான்," என்பார். அதற்கு அவருக்குத் திட்டு விழும்.

பெட்டி போனது படிக்கட்டுக்கு அடியில். அதை ஒருவரும் திறந்ததில்லை. எட்னாவைப் பொறுத்தவரை அந்தப் பெட்டிக்குள் இருந்தது தன்னால் போன ஒன்று.

அந்தச் சனிக்கிழமையே ஹில்டா இன்னொரு வேலையையும் முடிக்க நினைத்தாள். ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் எல்லிஸ் குத்தகைக்கு வைத்திருந்த காய்கறித் தோட்டத்தில் ஒரு மரக் கொட்டகை இருந்தது. அதைக் காலி செய்து சாவியைக் கொடுக்க வேண்டும். அடுத்த பாத்திக்காரர், நட்டால் என்பவர், மண்வெட்டியோடு நின்றிருந்தார். மில்லில் எல்லிஸுடன் வேலை பார்த்தவர், ஹில்டாவைச் சின்ன வயதிலிருந்தே தெரிந்தவர். தொப்பியைக் கழற்றிவிட்டு மறுபடி போட்டுக்கொண்டார்.

"உங்கப்பா விசில் இல்லாம என் லீக்கெல்லாம் மூஞ்சியத் தூக்கி வச்சிட்டிருக்கு," என்றார், பாத்தியில் வெங்காயத்தாள் போல நின்ற லீக் செடிகளைக் காட்டி.

ஹில்டா அவர் யாரோடோ குழப்பிக்கொள்கிறார் என்று நினைத்தாள். "அப்பாவுக்கு விசில் வராது மாமா. பல்லு எடுத்ததுலேர்ந்தே."

நட்டால் மண்வெட்டியை மண்ணில் ஊன்றினார். "செட்டை மாட்டிட்டிருந்தா வராது. கழட்டினா வரும். உள்ள டப்பா இருக்கு பாரு, அதுல பல்லைப் போட்டு மூடி வச்சிட்டுத்தான் மண்வெட்டியையே தொடுவாரு."

எவ்வளவு நாளாக என்று கேட்டாள். தான் தோட்டம் எடுத்தது போர் முடிந்த வருஷம், அதற்கு முன்னாலேயே என்றார். ஆரம்பத்தில் காற்றுதான் வந்ததாம், ஆறு மாதம் மேலண்ணத்தில் நாக்கை வைத்துப் பழகிப் பழகி வேறு மாதிரிக் கொண்டுவந்தாராம். வீட்டில் ஏன் அடிப்பதில்லை என்று நட்டால் ஒரு தடவை கேட்டிருக்கிறார். "அவ கண்ணு முன்னால ஊத மாட்டேன்னு சத்தியம் பண்ணிக் குடுத்திருக்கேன்னாரு. அதுக்கு மேல நான் கேக்கல. புருஷன் பொண்டாட்டி விஷயம். ஆனா உங்கம்மாவுக்குத் தெரியும்னுல்ல இங்க தோட்டம் வச்சிருக்கற நாங்க ஆறு பேரும் நெனச்சிட்டிருக்கோம்."

கொட்டகைக்குள் விதைப் பொட்டலங்களுக்குப் பின்னால், செய்தித்தாளில் சுற்றி, ஒரு இசைத்தட்டு இருந்தது. கிராமபோன் எதுவும் அங்கே இல்லை. ஹில்டா தாளைப் பிரித்தாள். மழை ஓய்ந்த தெரு. தன் இடத்தைப் பிடித்தவனின் தட்டை அப்பா எதற்காக மறைத்து வைத்திருக்க வேண்டும் என்று யோசித்தபடி, தகர நாற்காலியில் உட்கார்ந்தாள்.

திங்கட்கிழமை வேலை முடிந்ததும் சோதனைக்கூடத்தில் தங்கினாள். பதினான்கு தட்டுகளையும் டேப்பில் ஏற்றினாள், பதினைந்தாவதையும் ஏற்றினாள். கூட வேலை செய்யும் ஒருவரிடமிருந்து சிரில் வேன் ஊதியது என்று உறுதியாகத் தெரிந்த இரண்டு தட்டுகள் கிடைத்தன. அந்தத் தட்டுகள் எந்த வேகத்தில் வெட்டப்பட்டன என்று யாருக்கும் துல்லியமாகத் தெரியாது, ஆகவே சுருதியை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது. அந்த வழியை விட்டாள். நாதத்தின் வடிவத்தை, ஒலியைத் திரையில் கோடாகக் காட்டும் அலைக்காட்டியில் பார்த்தாள். அப்பாவின் பதினான்கிலும் கோடு கூர்மையாக எழுந்தது. பதினைந்தாவதில் மெதுவாக எழுந்தது, ஓரத்தில் காற்று கலந்திருந்தது. நோட்டில் எழுதினாள்: ஒரே ஆள் அல்ல.

எழுதியதும் பேனாவை மூடவில்லை. வாய் மாறினால் நாதம் மாறும். மாறாதது என்ன என்று கேட்டுக்கொண்டாள்.

செவ்வாய்க்கிழமை டேப்பைப் பாதி வேகத்தில் ஓடவிட்டாள். புதன்கிழமையும் அதையே செய்தாள். வெள்ளிக்கிழமைக்குள் அந்தச் சீழ்க்கையை நூறு தடவைக்கு மேல் கேட்டிருப்பாள். எங்கெங்கே மூச்சு எடுக்கிறது என்று குறித்தாள். சிரில் வேன் எல்லோரையும் போல வரி முடிந்ததும் மூச்சு எடுத்தான். அப்பா அப்படி இல்லை. வரியின் கடைசிச் சுரத்துக்கு முந்தின இடத்தில் சட்டென்று ஒரு மூச்சு, பிறகு கடைசிச் சுரம். இது பதினான்கு தட்டிலும் இருந்தது. வேறு யாரும் அப்படிச் செய்ய மாட்டார்கள், செய்தால் வாத்தியார் அடிப்பார். பதினைந்தாவதில் பதினோரு வரி. பதினோரு இடத்திலும் மூச்சு கடைசிச் சுரத்துக்கு முன்னால்தான் இருந்தது.

பழைய எழுத்தை அடித்துவிட்டுப் பக்கத்தில் எழுதினாள்: அப்பா.

இருந்தாலும் ஒரு முறை சரிபார்க்காமல் அவளால் இருக்க முடியாது. அந்தப் பழைய இசைத்தட்டுக் கம்பெனியின் காகிதங்கள் லண்டனில் ஓர் அறையில் இருக்கின்றன, ஒரு பெண் பார்த்துக்கொள்கிறாள் என்று தெரிந்து அடுத்த திங்கட்கிழமை தொலைபேசியில் கூப்பிட்டாள். தட்டின் நடுவில் கீறியிருந்த எண்ணைச் சொன்னாள். மறுநாள் அந்தப் பெண் கூப்பிட்டுப் படித்துக் காட்டினாள். 1934 அக்டோபர் 13, சனிக்கிழமை, மான்செஸ்டர். வேனுக்குத் தொண்டையில் புண், வரவில்லை. பதிலாகக் கெர்ஷா. பதினோரு அடி தள்ளி, சுவரைப் பார்த்து நின்றார், அவரே கேட்டுக்கொண்டபடி.

அந்தப் பெண்ணுக்கு நன்றி சொல்லி ஃபோனை வைத்தாள். சுவரைப் பார்த்து எதற்கு நின்றிருப்பார் என்று அந்தப் பெண்ணிடம் விளக்கவில்லை. செட்டைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டிருப்பார், வேறென்ன.

இப்போது அம்மாவிடம் சொல்ல வேண்டும். அங்கேதான் ஹில்டா மாட்டிக்கொண்டாள். சொன்னால் ஒரு பாரம் இறங்கும், தன்னால் அவர் சீழ்க்கை போய்விட்டது என்ற பாரம். ஆனால் அந்த இடத்தில் வேறொன்று ஏறும். நாற்பது வருஷம் தினமும் ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் போய் ஊதியிருக்கிறார், ஆறு தோட்டக்காரர்கள் கேட்டிருக்கிறார்கள், ஒருத்தி மட்டும் கேட்கவில்லை. இரண்டில் எது அதிகம் என்று எடை போட ஹில்டாவிடம் ஒன்றுமில்லை. அப்பா ஏன் கடைசிவரை சொல்லவில்லை என்பதும் அவளுக்குத் தெரியவில்லை. சத்தியத்துக்காகவா, கூச்சமா, அல்லது வருஷங்கள் போகப் போகச் சொல்வது கடினமாகிவிட்டதா. மூன்று நாள் தள்ளிப்போட்டாள். பழுது எங்கே என்று தெரிந்த பிறகு சொல்லாமல் வைத்துக்கொள்வது அவளுக்குப் பழக்கமில்லை. ஞாயிற்றுக்கிழமை மதியம் பதினைந்து தட்டுகளையும் ஒரு கிராமபோனையும் எடுத்துக்கொண்டு பர்ன்லிக்குப் போனாள்.

எட்னா மாவு மூடிச் சுட்ட உருளைக்கிழங்கு பை செய்து வைத்திருந்தாள். சாப்பிட்டு முடித்துத் தேநீர் ஊற்றியதும் ஹில்டா கிராமபோனை மேஜைமேல் வைத்தாள். தட்டின் நடுவில் இருந்த பெயரை எட்னா கண்ணாடி இல்லாமலே படித்துவிட்டாள்.

"அந்தப் பயலோட ரெக்கார்டு இந்த வீட்டுக்குள்ள வரக்கூடாது."

"இது அந்த ஆள் இல்லம்மா. அப்பா."

எட்னா மகளின் உதட்டைத் தான் சரியாகப் படிக்கவில்லை என்று நினைத்தாள். ஹில்டா இன்னொரு தடவை சொன்னாள். தேதியைச் சொன்னாள், லண்டன் பெண் படித்ததைச் சொன்னாள், பதினோரு வரியைச் சொன்னாள். நோட்டைத் திறந்து காட்டினாள்.

"டெலிபோன்ல ஆயிரம் சொல்லுவாங்க," என்றாள் எட்னா. "உங்கப்பா ஊதினதை நான் பாத்தேன்டி. காத்துதான் வந்துச்சு. நீ அப்ப பொறக்கவே இல்ல."

ஹில்டா தட்டைப் போட்டாள். எட்னா தலையைச் சாய்த்துக் கேட்டாள். முரசு அடிப்பது மட்டும் கேட்கிறது என்றாள். பாடும் பெண்ணின் குரல் எங்கோ முனகுவது மாதிரி இருக்கிறது என்றாள். சீழ்க்கை வந்த இடத்தில் அவள் முகத்தில் ஒன்றுமே இல்லை. அந்த உயரம் அவள் காதிலிருந்து போய் முப்பது வருஷத்துக்கு மேல் ஆகியிருக்கும். ஹில்டாவுக்கு அது முன்பே தோன்றியிருக்க வேண்டும், தோன்றவில்லை. ஊசியைத் தூக்கி மறுபடி முதலில் வைத்தாள். பிறகு மேஜையைச் சுற்றி வந்து, ஜன்னல் வெளிச்சம் முகத்தில் விழும்படி அம்மாவுக்கு எதிரில் நின்றாள்.

"கேக்க வேண்டாம். என்னைப் பாரு," என்றாள்.

சீழ்க்கை தொடங்கியதும் உதட்டைக் குவித்தாள். அவளுக்குச் சீழ்க்கை வராது. ஆனால் ஒரு வாரம் பாதி வேகத்தில் கேட்ட பாட்டு, ஒவ்வொரு சுரமும் எவ்வளவு நேரம் நிற்கிறது என்று தெரியும். சத்தம் தட்டிலிருந்து வந்தது, வாயை மட்டும் அவள் கொடுத்தாள். உயரும்போது உதட்டை இறுக்கினாள், இறங்கும்போது விட்டாள். தட்டு மூச்சு எடுத்த இடத்தில் தானும் எடுத்தாள்.

முதல் வரி எட்னா கையைக் கட்டிக்கொண்டு பார்த்தாள். இரண்டாவது வரியில் மூச்சு வந்ததும் கட்டியிருந்த கை பிரிந்தது. மூன்றாவது வரி. கடைசிச் சுரத்துக்கு முன்னால் ஹில்டா மூச்சுக்காக வாயை மூடுவதற்குள், எட்னாவின் வாய் மூடிக்கொண்டது. நாலாவதிலும் அப்படியே. ஐந்தாவதிலிருந்து இருவர் உதடும் சேர்ந்தே போயின.

தட்டு முடிந்து ஊசி வெறும் தடத்தில் ஓடியது. ஹில்டா அதைத் தூக்கவில்லை.

"திருட்டுப் பய," என்றாள் எட்னா. "இங்கதான் மூச்சைத் திருடுவான். எத்தனை தடவ சொல்லியிருக்கேன், வரிய முடிச்சிட்டு மூச்சு விடுடான்னு."

பிறகு, அக்டோபர் எத்தனாம் தேதி என்று கேட்டாள். பதின்மூன்று, சனிக்கிழமை என்றாள் ஹில்டா.

"மான்செஸ்டருக்கு ஃபுட்பால் பாக்கப் போறேன்னான். வந்ததும் எத்தனை கோல்னு கேட்டேன், முழிச்சான். எவளையோ பாக்கப் போயிருக்கான்னு நெனச்சிட்டேன். கல்யாணம் ஆகி மூணு மாசம். ரெண்டு வாரம் பேசல." அவள் சிரிக்கிறாளா என்று ஹில்டாவுக்குத் தெரியவில்லை. "அப்பக்கூடச் சொல்லல பாரு."

ஹில்டா நட்டால் சொன்னதை எல்லாம் சொன்னாள். கொட்டகை, டப்பா, ஆறு தோட்டக்காரர்கள், சத்தியம். ஒன்றையும் குறைக்கவில்லை. எட்னா அவள் உதட்டிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள். முடிந்ததும் குரலை விட்டுவிட்டு உதட்டால் மட்டும் பேசினாள். மில்லில் பக்கத்துத் தறிக்காரிக்குத் தெரியக்கூடாத விஷயத்தைச் சொல்லும்போது பெண்கள் அப்படித்தான், உதட்டை அசைத்தும் அசைக்காமலும் பேசுவார்கள்.

"புண்ணு ஆறற வரைக்கும்னு நெனச்சுத்தானே சொன்னேன்."

ஹில்டா தலையசைத்தாள்.

"நானேதான் தினம் தொரத்தி விடுவேன்," என்றாள் எட்னா, இப்போது குரலோடு. "வீட்டுல கால்ல இடறாதே, தோட்டத்துக்குப் போன்னு. மழை பெஞ்சாக்கூடப் போவான். லீக் மேல அவ்வளவு ஆசையான்னு கேப்பேன்."

தேநீர் ஆறிப்போயிருந்தது. அவள் அதைக் குடித்தாள். பிறகு கோப்பையை வைத்துவிட்டு, சோதனைக்கூடத்தில் யாரும் ஹில்டாவிடம் கேட்டிராத கேள்வியைக் கேட்டாள்.

"நல்லா இருக்கா?"

வினாடிக்கு இரண்டாயிரம் அதிர்வுக்கு மேல் போகிறது, நடுக்கம் ஒரே சீராக இருக்கிறது என்று ஹில்டா ஆரம்பித்தாள்.

"அதில்லடி. உனக்குக் காது இருக்கு. எனக்கு இல்ல. எப்படி இருக்கு, சொல்லு."

ஹில்டா யோசித்தாள். "பழசுல எல்லாம் ஆளுங்க பாக்கறாங்கன்னு தெரிஞ்சு ஊதறாரு. இதுல அப்படி இல்ல. கொஞ்சம் காத்து கலந்திருக்கு. பக்கத்து ரூம்ல ஷேவ் பண்ணிக்கிட்டே யாரோ ஊதற மாதிரி. உயரப் போற எடம் ஒண்ணு இருக்கு, அங்க விழுந்துடுவாருன்னு நெனச்சேன், ஒவ்வொரு தடவையும் நெனச்சேன். விழல. நல்லா இருக்கும்மா. எல்லாத்தையும்விட இதுதான் நல்லா இருக்கு."

எட்னா அதை உள்ளே வாங்கிக்கொண்டாள். நாற்காலியை மேஜையிலிருந்து நகர்த்தி மகளுக்கு நேர் எதிரே, முட்டி இடிக்கும் தூரத்தில் போட்டுக்கொண்டாள்.

"திரும்பப் போடு," என்றாள்.

ஹில்டா ஊசியை வைத்துவிட்டு வந்து நின்றாள். பெண் பாடி முடித்தாள், சீழ்க்கை தொடங்கியது. ஹில்டா உதட்டைக் குவித்தாள். இரண்டாவது வரிவரை பிடித்துக்கொண்டாள். அதற்கப்புறம் உதடு அவள் பேச்சைக் கேட்கவில்லை, நடுங்கிப் பக்கவாட்டில் இழுத்துக்கொண்டு போயிற்று. முகத்தைத் திருப்பிக்கொள்ளப் பார்த்தாள். எட்னா கையை நீட்டி அவள் முகவாயைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினாள். கண்ணை இடுப்பில் கட்டியிருந்த சமையல் ஏப்ரனால் துடைத்துவிட்டாள், சின்னக் குழந்தைக்குத் துடைப்பது போல அழுத்தமாக.

"நேரா நில்லு," என்றாள். "உதடு தெரியல."